கதை நிற்கும் இடம்

கதை சொல்வோன் ஒருவனுக்குக் கதையை எங்கே தொடங்குவது என்பது ஒரு கவலை. எங்கே முடிப்பது என்பது மற்றொரு கவலை. இவ்விரண்டிற்கும் நடுவே மூன்றாவது கவலையொன்றும் உண்டு. ஒரே அமர்வில் சொல்லி முடிக்க இயலாத நெடுங்கதையை இடையில் எங்கே நிறுத்துவது என்பதே அது. நிறுத்துமிடம் பிழைத்தால் கேட்போர் எழுந்து போய்விடுவர். மறுநாள் திரும்பி வாரார். இணையவழியாக வீடுதோறும் வந்து சேரும் தொடர்நாடகங்களில் இன்று இந்த மூன்றாவது கவலையே முதலிடம் பெற்றிருக்கிறது. 'சீசன்' எனப்படும் ஒரு பருவத்தை இரண்டாகவும் மூன்றாகவும் பகுத்து வெளியிடுவதும், பருவத்தின் இறுதி அங்கத்தை விடை கூறாது அந்தரத்தில் நிறுத்துவதும் பெருவழக்காகிவிட்டன. இவ்வழக்கம் எங்கிருந்து வந்தது, எதன் பொருட்டு வந்தது, பார்ப்போருக்கு இதனால் விளைவது யாது என்பன ஆராயத்தக்கன.

ஆவலைத் தூண்டிக் கதையை நிறுத்தும் உத்தி புதியதன்று. ஆயிரத்தொரு இரவுகள் என்னும் அரபுக் கதைத் தொகுதியில் ஷஹ்ரசாத் என்ற பெண் விடியும் வேளையில் கதையைப் பாதியில் நிறுத்துகிறாள். மீதியைக் கேட்கும் ஆசையால் மன்னன் அவளுடைய மரணதண்டனையை மறுநாளுக்குத் தள்ளிவைக்கிறான். அங்கே கதை நின்ற இடம் ஓர் உயிரைக் காத்தது. ஆங்கிலத்தில் இத்தகைய நிறுத்தத்தைக் 'கிளிஃப்ஹேங்கர்' என்பர். செங்குத்துப் பாறையில் தொங்கிக்கொண்டிருப்பது என்பது அச்சொல்லின் நேர்ப்பொருள். தோமஸ் ஹார்டி 1872 - 1873ஆம் ஆண்டுகளில் சஞ்சிகையொன்றில் தொடராக எழுதிய நாவலில், நைட் என்னும் பாத்திரம் கடலோரப் பாறையிலே பிடிதளர்ந்து தொங்கும் காட்சி ஒன்று உண்டு. இச்சொல்லுக்கு அக்காட்சியையே மூலமெனக் காட்டுவோர் பலர். ஆயின் சொல் மக்கள் வாயில் வழங்கத் தொடங்கியது 1930களிலேயாகும். அக்காலத்து அமெரிக்கத் திரையரங்குகளில் வாரத்துக்கு ஓர் அத்தியாயமாகச் சாகசப் படத்தொடர்கள் காட்டப்பட்டன. ஒவ்வோர் அத்தியாயமும் நாயகனை ஏதேனும் ஓர் ஆபத்தில் விட்டுவிட்டு முடிந்தது. இதனைத் தமிழில் 'தொங்கு முடிவு' எனலாம்.

கதையைப் பகுதி பகுதியாக விற்பது பெருந்தொழிலாக வளர்ந்தது 19ஆம் நூற்றாண்டின் இங்கிலாந்திலாகும். சார்ள்ஸ் டிக்கன்ஸ் 1836ஆம் ஆண்டு மார்ச் மாத இறுதியில் 'பிக்விக் பேப்பர்ஸ்' என்ற கதையை மாதப் பகுதிகளாக வெளியிடத் தொடங்கினார். ஒரு பகுதியின் விலை ஒரு ஷிலிங். அந்நாளில் மூன்று பாகங்களாகக் கட்டி விற்கப்பட்ட புதிய நாவலொன்றின் வழமையான விலை 31 ஷிலிங் 6 பென்ஸ். அத்துணைப் பெருந்தொகையை ஒருசேரக் கொடுத்து நூல் வாங்கச் சாதாரணக் குடும்பத்தினரால் இயலாது. மாதம் ஒரு ஷிலிங் கொடுப்பது பலருக்கு இயன்றது. இருபது பகுதிகளையும் வாங்கி முடித்தவர் 20 ஷிலிங்கிலே முழு நாவலையும் பெற்றார். ஆகவே, கதையைப் பகுத்தமை விற்போனுக்கும் வாங்குவோனுக்கும் ஒருங்கே இலாபந் தந்தது. பகுதியின் இறுதியிலே வாசகனின் ஆவலைத் தூண்டி நிறுத்தியமை அவனை அடுத்த மாதமும் கடைக்கு அழைத்தது. எனினும் அவன் கொடுத்த விலை குறைந்த விலையேயாகும். தமிழ் வார இதழ்களில் 'தொடரும்' என்ற ஒற்றைச் சொல்லோடு முடிந்த அத்தியாயங்களும் இவ்வழியில் வந்தனவே. 1950ஆம் ஆண்டில் 'கல்கி' இதழில் தொடங்கிய 'பொன்னியின் செல்வன்' அங்ஙனம் வாரந்தோறும் காத்திருந்து படிக்கப்பட்ட கதையாகும்.

தொலைக்காட்சி வந்தபோது கணக்கு வேறாயிற்று. அமெரிக்காவின் பெரிய ஒளிபரப்பு நிலையங்கள் பார்ப்போரிடம் நேரே பணம் பெறவில்லை, விளம்பரக்காரரிடமே பெற்றன. செப்டெம்பர் அளவில் தொடங்கி மே மாதமளவில் முடியும் ஒளிபரப்புக் காலமே 'பருவம்' எனப்பட்டது. கோடை மாதங்களில் புதிய அங்கங்கள் இல்லை. அந்த நீண்ட இடைவெளியைத் தாண்டி மக்களை மீண்டும் அதே நிலையத்துக்குக் கொண்டுவர வேண்டுமெனின், பருவத்தின் இறுதி அங்கத்தில் ஒரு பெருவினாவை விட்டுச்செல்ல வேண்டும். இதற்கு நிலைத்த சான்றாக விளங்குவது 'டலஸ்' என்ற தொடர். 1980ஆம் ஆண்டு மார்ச் 21ஆம் திகதி ஒளிபரப்பாகிய பருவ இறுதியில், ஜே. ஆர். என்ற செல்வன் தன் அலுவலகத்தில் இனந்தெரியாத ஒருவரால் சுடப்பட்டு வீழ்ந்தான். சுட்டவர் யார் என்ற வினா கோடை முழுவதும் நாடெங்கும் பேசப்பட்டது. நடிகர்களின் வேலைநிறுத்தத்தால் புதிய பருவம் தாமதமாயிற்று. நவம்பர் 21ஆம் திகதி விடை வெளிவந்தபோது அமெரிக்காவில் ஏறக்குறைய 8 கோடி 30 இலட்சம் மக்கள் அதனைப் பார்த்தனர் என மதிப்பிடப்பட்டது. எட்டு மாதம் காத்திருந்தோர்க்கு உரிய விடை கிடைத்தது என்பதை இங்கே குறித்துக்கொள்ள வேண்டும். காத்திருந்தமைக்காக அவர்கள் கொடுத்த பணம் ஒன்றுமில்லை.

இந்த ஒழுங்கை மாற்ற முயன்றது நெட்பிளிக்ஸ் நிறுவனம். 2013ஆம் ஆண்டு பெப்ரவரி முதலாந் திகதி 'ஹவுஸ் ஒப் கார்ட்ஸ்' என்ற தொடரின் முதற் பருவத்து 13 அங்கங்களையும் அது ஒரே நாளில் வெளியிட்டது. வாரந்தோறும் காத்திருக்கும் வழக்கம் பழையதெனவும், விரும்பியபோது விரும்பிய அளவு பார்ப்பதே பார்வையாளரின் உரிமை எனவும் அக்காலத்தில் பேசப்பட்டது. அன்று விளம்பரம் இல்லை, மாதச் சந்தாவே வருவாயாக இருந்தது. கோடையும் மாரியும் அறியாத இணையத்தில் 'பருவம்' என்ற சொல்லுக்குப் பொருளே இல்லாது போயிற்று. எனினும் அச்சொல் நிலைத்தது. காரணம், அச்சொல் இப்போது நாட்காட்டியைக் குறிக்காது, ஒரு தடவையில் தயாரித்து வெளியிடும் சரக்கின் அளவைக் குறிக்கலாயிற்று.

மாதச் சந்தா முறையில் ஒரு வலுக்குறை உண்டு. ஒருவர் ஒரு நாடகத்தின் பொருட்டுச் சந்தா செலுத்துகிறார். பதின்மூன்று அங்கங்களையும் ஒரு வார இறுதியிற் பார்த்து முடிக்கிறார். மாதம் முடியுமுன் சந்தாவை நிறுத்திவிடுகிறார். பல கோடி செலவிட்டு ஆண்டுக்கணக்காகத் தயாரித்த நாடகம் நிறுவனத்துக்கு ஒரு மாத வருவாயையே தருகிறது. போட்டி நிறுவனங்கள் பெருகிய பின் இக்குறை பெரிதாயிற்று. 2022ஆம் ஆண்டின் முதற் காலாண்டில் நெட்பிளிக்ஸ் ஏறத்தாழ 2 இலட்சம் சந்தாதாரரை இழந்தது. பத்தாண்டுகளுக்கு மேலாக அங்ஙனம் நேர்ந்ததில்லை. அடுத்த காலாண்டில் இழப்பு 10 இலட்சத்தை நெருங்கியது. புதியவரைச் சேர்ப்பதைக் காட்டிலும் இருப்பவரைப் போகவிடாமற் காப்பதே பெரிது என்பதை அந்த ஆண்டு எல்லோருக்கும் உணர்த்தியது.

பருவத்தைப் பகுக்கும் வழக்கம் இப்பின்னணியிலேயே வேரூன்றியது. இணையத்துக்கு முன்னரே இதற்கு முன்மாதிரிகள் இருந்தன. 'பிரேக்கிங் பாட்' என்ற தொடரின் இறுதிப் பருவத்து 16 அங்கங்கள், 2012இல் எட்டும் 2013இல் எட்டுமாக ஒளிபரப்பாகின. நெட்பிளிக்ஸ் 'மணி ஹைஸ்ட்' என்ற ஸ்பானியத் தொடரின் ஐந்தாம் பாகத்தை 2021 செப்டெம்பர் 3ஆம் திகதியும் டிசெம்பர் 3ஆம் திகதியும் ஐந்தைந்து அங்கங்களாக வெளியிட்டது. 'ஸ்ட்ரேஞ்சர் திங்ஸ்' தொடரின் நான்காம் பருவத்தில் ஏழு அங்கங்கள் 2022 மே 27ஆம் திகதி வந்தன. எஞ்சிய இரண்டும் ஜூலை முதலாந் திகதி வந்தன. 'த கிரௌன்' தொடரின் இறுதிப் பருவம் 2023 நவம்பர் 16இலும் டிசெம்பர் 14இலும், 'பிரிஜர்ட்டன்' தொடரின் மூன்றாம் பருவம் 2024 மே 16இலும் ஜூன் 13இலும், 'வென்ஸ்டே' தொடரின் இரண்டாம் பருவம் 2025 ஓகஸ்ட் 6இலும் செப்டெம்பர் 3இலும் வெளியாகின.

இத்திகதிகளைச் சற்றுக் கூர்ந்து நோக்குதல் வேண்டும். கடைசியாகக் கூறிய மூன்று தொடர்களிலும் இடைவெளி சரியாக 28 நாட்களாகும். மே 16ஆம் திகதி சந்தா செலுத்திய ஒருவருக்கு இரண்டாம் பகுதி வரும் ஜூன் 13ஆம் திகதி அம்மாதச் சந்தாவில் மூன்று நாட்களே எஞ்சியிருக்கும். அதற்குள் பார்த்து முடிப்பவருக்கு மேலதிகச் செலவு இல்லை. ஆறுதலாகப் பார்ப்பவர் மறுமாதத்துக்கும் பணம் செலுத்துவார். 'ஸ்ட்ரேஞ்சர் திங்ஸ்' நான்காம் பருவத்தின் இடைவெளியோ 35 நாட்கள். அங்கே முதல் நாளிற் சேர்ந்தவர் இரண்டாம் முறை பணம் செலுத்தாமல் முடிவைக் காண இயலாது. அன்றியும், மே 27 இரண்டாம் காலாண்டைச் சேர்ந்தது. ஜூலை 1 மூன்றாம் காலாண்டின் முதல் நாள். சந்தாதாரர் தொகையைக் காலாண்டுதோறும் பங்குதாரருக்கு அறிவித்த காலம் அது. 2025 முதல் அந்நிறுவனம் அவ்வாறு அறிவிப்பதை நிறுத்திக்கொண்டது. ஒரே நாடகம் இரண்டு காலாண்டுகளின் கணக்கிலும் தலைகாட்டுவது நிறுவனத்துக்குக் கசப்பான செய்தியாக இருந்திராது.

எல்லாவற்றையும் பண ஆசை என்று ஒதுக்கிவிடுதலும் நேர்மையன்று. பெருந்திரைப்படத்துக்கு ஒப்பான காட்சிகளைக் கணினியால் உருவாக்கும் வேலை நெடுநாட் பிடிப்பது. முடிந்த பகுதியை முதலில் வெளியிட்டு, முடியாத பகுதிக்கு அவகாசம் பெறுவதற்குப் பகுத்தல் உதவுகிறது. பெருந்தொற்றுக் காலத்திலே படப்பிடிப்புகள் தடைப்பட்டன. 2023 மே மாதம் 2ஆம் திகதி எழுத்தாளரும் ஜூலை 14ஆம் திகதி நடிகரும் தொடங்கிய வேலைநிறுத்தங்கள் ஹொலிவூட்டை மாதக்கணக்கில் முடக்கின. இவையன்றி, ஒரு நாளிலே வெளிவந்து ஒரு வாரத்திலே மறக்கப்படும் நாடகத்துக்கு, மக்கள் கூடிப்பேசும் வாய்ப்பை இடைவெளி மீட்டுத் தருகிறது என்பதும் மெய்யே. முற்றும் ஒருசேர வெளியிட்டபோது, ஒருவர் முடிவையறிந்திருக்க, அடுத்தவர் முதல் அங்கத்தையே தாண்டாதிருந்தார். இருவரும் பேசிக்கொள்ள வழியில்லை. இடைவெளி எல்லோரையும் ஒரே இடத்தில் நிறுத்தி வைக்கிறது.

முற்றுப்பெறாத ஒன்று மனத்தை ஏன் இவ்வாறு பற்றிக்கொள்கிறது? பேர்லினில் உளவியல் பயின்ற புளூமா ஸைகார்னிக் என்ற பெண்மணி 1927இல் வெளியிட்ட ஆய்விலே, முடித்த வேலைகளைக் காட்டிலும் இடையில் தடுக்கப்பட்ட வேலைகளே மக்களின் நினைவில் நன்கு நிற்கின்றன என்றார். பின்வந்த ஆய்வுகள் இம்முடிவை எப்போதும் உறுதிசெய்யவில்லை. ஆயின் அவருடன் பயின்ற மரியா ஒவ்ஸியான்கினா 1928இல் கண்டதோ இன்னும் வலுவாக நிற்கிறது. இடையில் தடுக்கப்பட்ட வேலையை, எவரும் ஏவாமலே, மீண்டும் எடுத்து முடிக்க மனிதர் முனைகின்றனர் என்பதே அது. தொங்கு முடிவின் வலிமை நினைவிலன்று, இம்முனைப்பிலேயே தங்கியிருக்கிறது எனலாம். கதையை மறந்தவருங்கூட, அடுத்த பகுதி வந்துவிட்டது என்ற செய்தி கேட்டதும் விட்ட இடத்தைத் தேடிச் செல்வர்.

ஆயினும் தொங்கு முடிவுகள் எல்லாம் ஒரே தரத்தன அல்ல. 'பிரேக்கிங் பாட்' இறுதிப் பருவத்தின் முற்பாதி முடியும் இடத்தை நோக்குக. போதைப்பொருள் தடுப்பு அதிகாரியான ஹாங்க், தன் மைத்துனி கணவன் வோல்ட்டரின் வீட்டில் தற்செயலாக ஒரு நூலைப் புரட்டுகிறான். அதில் எழுதப்பட்ட சில சொற்களால், தான் நெடுநாளாகத் தேடிய குற்றவாளி யார் என்று அறிந்துகொள்கிறான். அங்கே நாடகம் நிற்கிறது. முதற் பருவத்திலிருந்தே மறைந்திருந்த ஓர் உண்மை வெளிப்பட்டுவிட்டது. பழைய வினா ஒன்று தீர்ந்தது. அந்தத் தீர்விலிருந்தே புதிய வினா பிறந்தது. பார்வையாளர் எதையோ பெற்றுக்கொண்டே எழுந்து செல்கிறார். 'ஸ்குவிட் கேம்' என்ற கொரியத் தொடரின் இரண்டாம் பருவம் வேறு வகையானது. 2024 டிசெம்பர் 26இல் வந்த ஏழு அங்கங்களின் இறுதியில், விளையாட்டை எதிர்த்தெழுந்தோரின் கிளர்ச்சி நசுக்கப்பட்டு, நாயகனின் நண்பன் கொல்லப்படும் கணத்தில் கதை அறுக்கப்படுகிறது. இரண்டாம் மூன்றாம் பருவங்கள் ஒரே கதையாகக் கருதப்பட்டுப் பின்னர் அங்கங்களின் மிகுதியால் இரண்டாக்கப்பட்டன என்று இயக்குநர் ஹ்வாங் டொங்-ஹ்யோக் கூறியிருக்கிறார். அது முடிவன்று, பாதி என்று பலர் குறைப்பட்டமை வியப்பன்று. முன்னதை முடிச்சு என்றால், பின்னதை வெட்டு என்றே சொல்ல வேண்டும். எனினும் அந்த வெட்டும் ஆறு மாதத்தில், 2025 ஜூன் 27ஆம் திகதி மூன்றாம் பருவம் வந்தபோது, பொருத்தப்பட்டுவிட்டது.

பொருத்தப்படாத வெட்டுகளே வருந்தத்தக்கவை. 'சென்ஸ் எயிட்' என்ற தொடரின் இரண்டாம் பருவம் 2017 மே 5இல் வெளியாகியது. உள்ளத்தால் பிணைக்கப்பட்ட எண்மருள் ஒருவன் பகைவர் கையில் அகப்பட்ட நிலையில் அது நின்றது. அடுத்த மாதம் முதலாந் திகதி தொடர் கைவிடப்பட்டதாக அறிவிப்பு வந்தது. பல நாட்டு மக்களும் எழுப்பிய வேண்டுகோளால், 2018 ஜூன் 8இல் இரண்டரை மணி நேரம் கொண்ட இறுதி அங்கம் ஒன்று வெளியிடப்பட்டது. அந்த நற்பேறு எல்லாக் கதைக்கும் வாய்ப்பதில்லை. கப்பலொன்றில் நிகழும் மருமங்களைக் கூறிய '1899' என்ற ஜேர்மன் தொடர் 2022 நவம்பர் 17இல் வந்தது. மூன்று பருவங்களாக அதனைச் சொல்ல ஆக்கியோர் எண்ணியிருந்தனர். முதற் பருவத்தின் இறுதியிலே எல்லாவற்றையும் தலைகீழாக்கும் ஒரு வினா எழுப்பப்பட்டது. ஏழு வாரம் நிறையுமுன் அது நிறுத்தப்பட்டது. அவ்வினா இன்றும் விடையின்றியே இருக்கிறது.

டிக்கன்ஸ் 1870ஆம் ஆண்டு ஜூன் 9ஆம் திகதி காலமானபோது, பன்னிரண்டு பகுதிகளாகத் திட்டமிட்ட 'எட்வின் ட்ரூட்' நாவலில் ஆறு பகுதிகளுக்கு உரியனவே எழுதப்பட்டிருந்தன. ட்ரூட் என்ற இளைஞன் மறைந்துபோன மருமம் தீர்க்கப்படவில்லை. அதன் பொருட்டு வாசகர் எவரும் டிக்கன்ஸைக் குறைகூறியதில்லை. சாவு குறுக்கிட்டால் வாக்குத் தவறியதாகாது. ஆனால் கணக்கேடு குறுக்கிடும்போது நிலை வேறு. தொங்கு முடிவு என்பது ஒரு வாக்குறுதியாகும். 'காத்திரு, சொல்லுகிறேன்' என்று கதை கூறுகிறது. அதனை நம்பியவர் தம் நேரத்தையும் சந்தாவையும் கொடுக்கிறார். கதையை எழுதியவர் வாக்களிக்க, அதை நிறைவேற்றும் அதிகாரமோ வேறொருவர் கையில் இருக்கிறது. இதுவே இன்றைய முறையின் பெருங்குறை.

இக்குறை நிறுவனங்களையும் திரும்பி வந்து தாக்குகிறது. ஏமாந்த பார்வையாளர், 'நாடகம் முழுவதும் வந்து முடியட்டும், பிறகு பார்ப்போம்' என்று ஒதுங்குகின்றனர். அவ்வாறு ஒதுங்குவோர் பெருகினால், வெளியான முதல் வாரங்களில் பார்ப்போர் தொகை குறையும். தொகை குறைந்தமை கண்டு நிறுவனம் நாடகத்தைக் கைவிடும். கைவிட்டமை கண்டு மேலும் பலர் ஒதுங்குவர். நம்பிக்கை என்னும் முதல் கரைந்தால் வாணிகம் நெடுநாள் நில்லாது.

இதற்கு மாற்று இல்லாமலில்லை. 'ஹவுஸ் ஒப் கார்ட்ஸ்' தொடங்கும்போதே இரண்டு பருவங்களுக்கு, 26 அங்கங்களுக்கு உறுதி அளிக்கப்பட்டிருந்தது. 'ஸ்ட்ரேஞ்சர் திங்ஸ்' தொடரின் ஐந்தாம் பருவம் அமெரிக்க நேரப்படி 2025 நவம்பர் 26, டிசெம்பர் 25, டிசெம்பர் 31 ஆகிய நாட்களில் நான்கு, மூன்று, ஒன்று என மூன்றாகப் பகுக்கப்பட்டு வெளிவந்தது. அது சந்தாவை நீட்டும் சூழ்ச்சியென்று குறைகூறியோரும், முடிவு உண்டு என்பதையும் அது வரும் நாளையும் முன்னரே அறிந்திருந்தனர். பகுத்தல் தவறன்று, பகுத்த பின் கைவிடுதலே தவறு. பருவத்துக்குரிய தலையாய வினாவை அப்பருவத்திலேயே தீர்த்துவிட்டு, அடுத்ததற்குப் புதிய வினாவை விட்டுச்செல்லும் எழுத்தாளன், தொடர் தொடர்ந்தாலும் நின்றாலும் தன் கடனைச் செலுத்தியவனாகிறான்.

ஆகவே, ஒரு நாடகம் அந்தரத்தில் நிற்கும்போது பார்வையாளர் மூன்று வினாக்களைத் தம்முள் எழுப்பிக்கொள்ளலாம். இதுவரை பார்த்ததில் ஏதேனும் ஒரு முடிச்சு அவிழ்ந்ததா? எஞ்சியது ஏற்கெனவே எடுக்கப்பட்டுள்ளதா, அல்லது இனிமேல்தான் எடுக்க வேண்டுமா? விடை வரும் நாள் சொல்லப்பட்டுள்ளதா? மூன்றுக்கும் 'ஆம்' என்ற மறுமொழி கிடைக்குமாயின் மகிழ்ந்து காத்திருக்கலாம். காத்திருப்பதும் கதைச்சுவையின் ஒரு கூறே. மூன்றுக்கும் 'இல்லை' என்பதே மறுமொழியாயின், அங்கே விற்கப்படுவது கதையன்று, அடுத்த மாதத்துச் சந்தாச் சீட்டு என்று அறிந்துகொண்டு கைப்பணத்தைக் காத்துக்கொள்ளுதல் நன்று.